கண்டக்டர் வீரமலையை யாரும் கேட்கவில்லை

1957ஆம் வருஷம், ஆவணி மாதம். ஸ்ரீரங்கத்தில் மொட்டைக் கோபுரத்துக்கு எதிரே பஸ் திரும்பி நின்றதும், பஸ் ஷெட்டிலிருந்து சைக்கிளில் வந்த ஆள் கண்டக்டர் வீரமலையிடம் ஒரு பழுப்புக் கவரைக் கொடுத்துவிட்டுப் போனான். மேலே சர்க்கார் முத்திரை. பிரித்தால் முழுக்க இங்கிலீஷ். வீரமலைக்குத் தமிழ் தங்குதடையில்லாமல் படிக்க வரும். இங்கிலீஷில் ஊர்ப் பெயர்களும் எண்களும்தான். தன் பெயரும் பேட்ஜ் நம்பரும் அதில் இருப்பது மட்டும் தெரிந்தது. லைசென்ஸ் புதுப்பிக்கிற சமாச்சாரமாக இருக்கும் என்று சட்டைப்பையில் செருகிக்கொண்டார்.

அந்த ட்ரிப்பில் தினமும் ஏறுகிறவர் வக்கீல் அழகியமணவாளன். உத்தரவீதியில் வீடு, திருச்சியில் கோர்ட். டிரைவருக்குப் பின்னால் முதல் சீட் அவருடையது என்று வழக்கமாகிவிட்டிருந்தது. வண்டி மாம்பழச்சாலையைத் தாண்டியதும் வீரமலை கவரை அவரிடம் நீட்டி, என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்துச் சொல்லும்படி கேட்டார். பாலத்தில் ஏறும்போது வக்கீல் படிக்க ஆரம்பித்தார். காவிரி இரு கரையும் தொட்டுப் போய்க்கொண்டிருந்தது. ஜன்னல் ஓரத்து ஜனமெல்லாம் தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருக்க, அவர் மட்டும் தலை நிமிரவில்லை. ஒரு தடவை படித்தார். மறுபடியும் முதலிலிருந்து படித்தார். இறங்கினதும் சொல்கிறேன் என்று காகிதத்தை மடித்துக்கொண்டார்.

மெயின்கார்டு கேட்டில் இறங்கி, ஓரமாக நின்று சொன்னார்.

"வீரமலை, உமக்குப் பெருவியாதி இருக்குன்னு எழுதியிருக்கா. லைசென்ஸை ரத்து பண்ணிட்டா. இன்னியிலேருந்து நீர் டிக்கெட் கொடுக்கப்படாதாம். மூணு நாளைக்குள்ளே பேட்ஜை ஒப்படைக்கணுமாம்."

வீரமலைக்கு முதலில் புரியவில்லை. வேறு யாருடைய காகிதமோ தன்னிடம் வந்துவிட்டது என்று நினைத்தார். பேட்ஜ் நம்பரைக் காட்டச் சொன்னார். வக்கீல் விரலை வைத்துக் காட்டினார். வீரமலையின் நெஞ்சில் குத்தியிருந்த பித்தளை வில்லையில் இருந்த அதே நம்பர்.

"உம்மை யாராவது கூப்பிட்டு விசாரிச்சாளா?"

"இல்லீங்க சாமி."

"டாக்டர் யாராவது பார்த்தாரா? நோட்டீஸ் ஏதாவது வந்துதா?"

எதுவும் வந்ததில்லை. பின்னால் டிரைவர் ஹாரன் அடித்தார். பஸ்ஸில் பாதிப் பேருக்கு டிக்கெட் கொடுத்தாகிவிட்டது, மீதிப் பேர் கையில் காசை வைத்துக்கொண்டு காத்திருந்தார்கள். கையில் டிக்கெட் புத்தகத்தோடு வீரமலை நடுரோட்டில் நின்றார். ஏறுவதா கூடாதா என்று தெரியவில்லை. ஒன்பது வருஷத்தில் முதல் தடவையாக அந்த வண்டி அவர் 'ரைட்' சொல்லாமல் நின்றது.

வீரமலைக்கு அப்போது வயது முப்பத்தைந்து. மருங்காபுரிப் பக்கத்து வானம் பார்த்த பூமியில் பிறந்தவர். மூன்று வருஷம் தொடர்ந்து மழை பொய்த்தபோது பதினெட்டு வயதில் திருச்சிக்கு நடந்தே வந்தார். பாலக்கரையில் நஜிமுதீன் ராவுத்தரின் பஸ் ஷெட்டில் வண்டி கழுவினார். பிறகு கிளீனர். 1948இல் லைசென்ஸ் வாங்கிக் கண்டக்டர் ஆனார். ஜங்ஷன் முதல் ஸ்ரீரங்கம் வரை யார் எங்கே ஏறுவார், எங்கே இறங்குவார் என்பது அவருக்கு மனப்பாடம். கைக்குழந்தையோடு ஏறுகிற பெண் அவர் வண்டியில் நின்றுகொண்டு போனது கிடையாது. யாரையாவது எழுப்பிவிட்டு உட்காரவைப்பார். சிந்தாமணியில் ஒரு லைன் வீட்டில் குடியிருந்தார். மனைவி வள்ளிக்கண்ணு. ஒரே மகள் காளியாயி, எட்டு வயது.

கையில் வெள்ளை விழ ஆரம்பித்து மூன்று வருஷம் ஆகியிருந்தது. வலது கட்டைவிரல் நகத்தோரம் அரிசி அளவில் ஒரு புள்ளி. அது பரவி விரல்களெல்லாம் திட்டுத்திட்டாக வெளுத்தது. வலியில்லை, அரிப்பில்லை. வைத்தியர் ஒருவர் கார்போகரிசி எண்ணெய் கொடுத்தார், கேட்கவில்லை. ஊரில் அதற்கு வெண்குஷ்டம் என்று பெயர். பெயரில் குஷ்டம் இருந்தாலும் பெருவியாதி என்கிற தொழுநோய்க்கும் அதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை. அது யாருக்கும் தொற்றாது, விரலைத் தின்னாது, தோலின் நிறம் போகும், அவ்வளவுதான். இது வைத்தியர் சொல்லி வீரமலைக்குத் தெரியும். எல்லாருக்கும் தெரியும் என்று அவர் நினைத்துக்கொண்டிருந்ததுதான் பிசகு.

அன்றைக்கு வண்டியில் ஏறாமல் ஷெட்டுக்குப் போனார். ராவுத்தருக்கும் ஒரு நகல் வந்திருந்தது. ராவுத்தர் அவர் முகத்தைப் பார்க்காமலே பேசினார். லைசென்ஸ் இல்லாத ஆளை வண்டியில் ஏற்றினால் பர்மிட்டுக்கே ஆபத்து என்றார். பிறகு, வண்டி கழுவ லைசென்ஸ் வேண்டாம், இஷ்டப்பட்டால் இரு என்றார். பதினெட்டு வயதில் பிடித்த அதே வாளியை வீரமலை மறுபடி கையில் எடுத்தார். பேட்ஜை அன்றைக்கே சட்டையிலிருந்து கழற்றிக் காகிதத்தில் சுற்றிக் கொண்டுபோய் லைசென்ஸ் ஆபீசில் கொடுத்தார். அங்கிருந்த பியூன் அதைத் தொடாமல், மேஜை மேல் வைக்கச் சொன்னான். அதிகாரியைப் பார்க்க வேண்டும் என்று வீரமலை கேட்டதற்கு, உத்தரவு போட்டபின் பார்க்க என்ன இருக்கிறது என்று பதில் வந்தது.

வீட்டில் சொல்லுமுன் செய்தி வீட்டுக்குப் போய்விட்டிருந்தது. லைன் வீட்டுக்காரி ரெங்கம்மாள் வாசலில் நின்றுகொண்டிருந்தாள். கெட்டவள் அல்ல. காளியாயிக்கு அம்மை போட்டபோது வேப்பிலை பறித்துக்கொண்டு வந்தவள். மாதம் முடிந்ததும் காலி செய்துவிட வேண்டும், அதுவரைக்கும் பொதுக் குழாயில் வள்ளிக்கண்ணு குடம் வைக்கக் கூடாது என்றாள். வீரமலை கையை நீட்டிக் காட்டினார். இத்தனை நாள் நீங்களும் பார்த்துக்கொண்டுதானே இருந்தீர்கள் என்றார்.

"நான் பார்த்து என்னப்பா ஆகணும்? எனக்கென்ன தெரியும்? சர்க்காரே எழுதியிருக்கே," என்றாள் ரெங்கம்மாள்.

அந்த வார்த்தையைத்தான் அடுத்த இரண்டு வருஷமும் அவர் எங்கே போனாலும் கேட்டார். கையைப் பார்த்துக்கொண்டே, காகிதத்தை நம்பினார்கள்.

வள்ளிக்கண்ணு அன்றைக்கு அடுப்பு மூட்டவில்லை. பத்து வருஷம் அவரோடு குடித்தனம் செய்தவள். வைத்தியர் கொடுத்த எண்ணெயைத் தினமும் அவர் விரலில் தேய்த்துவிட்டவள். தலையைக் குனிந்தபடி கேட்டாள்.

"உங்களுக்குத் தெரிஞ்சே எங்ககிட்ட மறைச்சீங்களா?"

ஆபீஸ் எழுதியதைவிட, ரெங்கம்மாள் சொன்னதைவிட, இது அவரை உலுக்கிவிட்டது. இல்லை என்று சொல்ல வாயெடுத்தவர், அப்படியே நிறுத்திக்கொண்டார். ஒருவேளை இருக்குமோ? வைத்தியர் தவறாகச் சொல்லியிருப்பாரோ? படித்தவர்கள், டாக்டர்கள், அதிகாரிகள் எல்லாரும் சேர்ந்து ஒன்றைச் சொல்லும்போது, தனக்கு மட்டும் தெரியும் என்பது எப்படி? மறுநாள் ஷெட்டில் வண்டிக்குப் பின்னால் உட்கார்ந்து, குண்டூசியை எடுத்து வெளுத்த விரல் ஒவ்வொன்றிலும் குத்திப் பார்த்தார். பெருவியாதி என்றால் உணர்ச்சி இருக்காது என்று கேள்விப்பட்டிருந்தார். ஒவ்வொரு குத்தும் சுரீரென்று வலித்தது. ரத்தம் முத்து முத்தாக வந்தது. அதைப் பார்த்து அவருக்குச் சந்தோஷமாக இருந்தது. அந்தச் சந்தோஷமே அவரைப் பயமுறுத்தியது. பல மாதங்கள் தினமும் குத்திப் பார்த்துக்கொண்டார்.

மேல் அதிகாரிக்கு ஒரு அப்பீல் போட்டார்கள். வக்கீலே எழுதிக் கொடுத்தார். ஒரு டாக்டரை வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள், அதற்குமேல் என்ன சொன்னாலும் கட்டுப்படுகிறேன் என்பதுதான் சாரம். மார்கழியில் ஒரு வரிப் பதில் வந்தது: பரிசீலிக்கப்பட்டது, தலையிட முகாந்திரமில்லை. வீரமலை ஷெட்டில் அந்த வரியை வக்கீல் வாயால் கேட்டார். யார் பரிசீலித்தார்கள், எதைப் பரிசீலித்தார்கள் என்று கேட்டார். வக்கீலுக்கும் தெரியவில்லை.

அன்றைக்குத்தான் அழகியமணவாளன் ஒன்றைச் சொன்னார். லைசென்ஸ் போவதற்கு முந்தின ஒரு வருஷமும் டிக்கெட்டுக்குக் காசைத் தான் வீரமலையின் கையில் வைத்ததே இல்லை, சீட்டின் மேல்தான் வைத்துவந்ததாகச் சொன்னார். நீர் கவனித்திருப்பீர் என்றார். வீரமலை கவனித்திருந்தார். ஆசாரக்காரர், தீட்டுப் பார்க்கிறார் என்று நினைத்து அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

"ஆசாரம் இல்லை, வீரமலை. பயம். நான் சட்டம் படிச்சவன். எனக்கே உம்மைக் கேக்கத் தோணலை," என்றார் வக்கீல்.

பீஸ் வேண்டாம் என்று சொல்லி, மெட்ராஸில் ஹைகோர்ட்டில் ரிட் போட அவர்தான் ஏற்பாடு செய்தார்.

1958 ஐப்பசியில் ஆபீஸ் தன் பதிலைக் கோர்ட்டில் தாக்கல் செய்தது. அதோடு பைலில் இருந்த காகிதங்களின் நகல்களும் வந்தன. மழை பெய்துகொண்டிருந்தது. உத்தரவீதி வீட்டில் புத்தக அலமாரிகளுக்கு நடுவே வக்கீல் ஒவ்வொரு காகிதமாக எடுத்துப் படித்துக் காட்டினார்.

முதல் காகிதம் ஒரு தமிழ் மனு. கீழே பெயரில்லை, 'ஒரு பயணி' என்று மட்டும். தன்னை அழித்த அந்தக் காகிதத்தில் என்னென்ன பொய் எழுதியிருக்குமோ என்று வீரமலை பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார். அதில் எழுதியிருந்தது இதுதான்: 'ஸ்ரீரங்கம் வழியில் டிக்கெட் கொடுக்கும் மேற்படி நம்பர் கண்டக்டருக்கு விரல்களில் வெண்குஷ்டம் காண்கிறது. மரியாதையான மனிதர். இது ஒட்டுமா ஒட்டாதா என்று எங்களுக்குத் தெரியவில்லை. தயவுசெய்து ஒரு டாக்டரிடம் அவரைக் காட்டி, பயமில்லை என்றால் அதைப் பயணிகள் அறியச் செய்ய வேண்டுகிறேன்.'

வீரமலை அதைக் கையில் வாங்கித் தானே படித்தார். எதிரி என்று ஒருவரை ஒரு வருஷமாக மனத்துக்குள் திட்டித் தீர்த்திருந்தார். அப்படி ஒருவரே இல்லை.

இரண்டாவது, ஆபீஸ் குமாஸ்தா அந்த மனுவை இங்கிலீஷில் சுருக்கி எழுதிய குறிப்பு. மூன்றே வரி. கண்டக்டருக்கு லெப்ரஸி இருப்பதாகப் புகார் வந்திருக்கிறது, உத்தரவு வேண்டும். மரியாதையான மனிதர் என்பது போயிற்று. டாக்டரிடம் காட்ட வேண்டும் என்பது போயிற்று. வெண் என்ற எழுத்து இரண்டும் போயிற்று.

மூன்றாவது, அதிகாரி ஒரு டாக்டருக்கு எழுதிய கடிதம். லெப்ரஸி உள்ளவர் பஸ் கண்டக்டராக இருக்கலாமா என்று பொதுவாக ஒரு கேள்வி. யார், எவர், என்ன என்று ஒன்றும் இல்லை. நான்காவது, டாக்டரின் பதில்: கூடாது. ஐந்தாவது, வீரமலைக்கு வந்த உத்தரவு. 'மருத்துவக் கருத்தைப் பெற்று, தீர ஆலோசித்து' என்று அது தொடங்கியது.

"யாரும் பொய் சொல்லலை பாரும்," என்றார் வக்கீல். அவர் குரலே மாறியிருந்தது. "அஞ்சு காகிதம் ஆயிருக்கு. எழுதினவாளிலே ஒருத்தன் உம்மைக் கூப்பிட்டு, கையை நீட்டுன்னு சொல்லியிருந்தா அன்னிக்கே முடிஞ்சிருக்கும்."

வீரமலை மழை விட்டபிறகும் எழுந்திருக்கவில்லை. கெட்ட எண்ணத்தோடு யாராவது செய்திருந்தால்கூட மனசு ஆறியிருக்கும் என்று பிற்பாடு வள்ளிக்கண்ணுவிடம் சொன்னார்.

1959 சித்திரையில் கேஸ் எடுத்துக்கொள்ளப்பட்டது. வீரமலை முதல் தடவையாக மெட்ராஸுக்கு ரயிலேறினார். சலவைச் சட்டை போட்டுக்கொண்டு கோர்ட் ஹாலில் கடைசி பெஞ்சில் உட்கார்ந்தார். கூப்பிட்டால் எழுந்து காட்ட வேண்டும் என்று சட்டைக் கையை முழங்கை வரை மடித்துவிட்டிருந்தார். யாரும் கூப்பிடவில்லை. வக்கீல்கள் இங்கிலீஷில் பேசினார்கள். ஜட்ஜ் இரண்டு கேள்வி கேட்டார். பிறகு சொல்லச் சொல்ல ஒருவர் எழுதிக்கொண்டார். கால் மணி நேரம்கூட ஆகவில்லை. வெளியே வராந்தாவில் அழகியமணவாளன் அவர் தோளைத் தொட்டு, ஜெயித்துவிட்டோம், உத்தரவு ரத்து என்றார்.

"எனக்கு வியாதி இல்லைன்னு சொல்லிட்டாங்களா சாமி?"

"அதைப் பத்தி ஜட்ஜ் ஒண்ணும் சொல்லலை."

"அப்புறம்?"

"ஒருத்தன் பிழைப்பைப் பறிக்கிறதுக்கு முன்னாடி, அவனுக்கு விஷயத்தைச் சொல்லி, அவன் பதிலைக் கேக்கணும். கேக்காம எழுதினது செல்லாதுன்னார். வியாதி உண்டா இல்லையாங்கிறது அவர் வேலை இல்லை. அதை ஆபீஸ்தான் விசாரிக்கணும், இஷ்டப்பட்டா."

வீரமலை அங்கேயே உட்கார்ந்துவிட்டார். இருபது மாதம் காத்திருந்தது அந்த ஒரு வார்த்தைக்கு. வண்டியில் ஏறலாம், சரி. ஆனால் ரெங்கம்மாளிடம் என்ன சொல்வது? ஹைகோர்ட் வரைக்கும் போய், ஏதோ சட்டத்தின் சந்துபொந்தில் தப்பி வந்த குஷ்டரோகி என்றுதானே ஊர் சொல்லும்?

அதுதான் நடந்தது. பேட்ஜ் திரும்பி வந்தது. ராவுத்தர் மறுபடி அதே வண்டியைக் கொடுத்தார். முதல் நாள் மெயின்கார்டு கேட்டில் ஏறிய ஒரு அம்மாள் அவரைப் பார்த்ததும் இறங்கிவிட்டாள். சிலர் டிக்கெட்டைக் கைக்குட்டை நீட்டி வாங்கினார்கள். வக்கீல் மட்டும் காசை அவர் உள்ளங்கையில் வைத்தார், எல்லாரும் பார்க்கும்படி, தேவைக்கு அதிகமாகவே அழுத்தி. ஒரு வாரம் பொறுத்துப் பார்த்தார் வீரமலை. எட்டாம் நாள் வக்கீலிடம் போய், ஆபீசுக்கு ஒரு மனு எழுத வேண்டும் என்றார்.

என்ன மனு என்று கேட்டதற்கு, எனக்கு நோட்டீஸ் அனுப்பச் சொல்லி மனு என்றார்.

அழகியமணவாளன் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பார்த்தார். இருபத்திரண்டு வருஷ வக்கீல் தொழிலில் நோட்டீஸை ரத்து செய்யத்தான் ஆட்கள் வந்திருக்கிறார்கள். ஆபீஸ் விட்டுவிட்ட விஷயத்தைத் தூண்டிவிடாதே, இன்னொரு முட்டாள் வந்து உட்கார்ந்தால் மறுபடியும் லைசென்ஸ் போகும் என்று எவ்வளவோ சொன்னார். வீரமலை கேட்கவில்லை.

"போகட்டும் சாமி. ஆனா என்னைக் கேட்டுட்டு எழுதட்டும். என்னைப் பார்த்துட்டு எழுதட்டும்."

வள்ளிக்கண்ணு இரண்டு நாள் சோறு பொங்கவில்லை. கிடைத்ததையும் தொலைக்கப் போகிறார் என்று அழுதாள். மனு போயிற்று. ஆபீசில் அதை என்ன செய்வதென்று தெரியாமல் நாலு மாதம் வைத்திருந்தார்கள். பழைய அதிகாரி மாற்றலாகிப் போய்விட்டிருந்தார். புதிதாக வந்தவர் சின்ன வயசுக்காரர், அந்த மனுவைப் படித்துவிட்டு ஒரு விசாரணைக்குத் தேதி குறித்தார்.

1960 மாசி மாதம், பகல் பதினொரு மணி. லைசென்ஸ் ஆபீஸ் மேல்மாடி. அதிகாரி எழுந்து நின்று நாற்காலியைக் காட்டினார். அந்த ஆபீசில் வீரமலையை உட்காரச் சொன்னது அதுதான் முதல் தடவை. தொழுநோய் வைத்தியத்தில் பல வருஷம் பழகிய டாக்டர் லூர்துராணியை வரவழைத்திருந்தார்கள். ஓரத்தில் பைல்களோடு நின்றிருந்த குமாஸ்தாவின் பெயர் பிச்சை. முதல் மனுவை இங்கிலீஷில் எழுதியவர் அவர்தான் என்று வக்கீல் காதோடு சொன்னார். நாற்பது வயசு, நரைத்த தலை, இரண்டு இடத்தில் தைத்த கோட்டு. பார்த்தால் இரக்கம்தான் வந்தது.

அதிகாரி புகாரை முழுக்கத் தமிழில் படித்துக் காட்டினார். உங்கள் பதில் என்ன என்று கேட்டார். வீரமலை இந்தக் கேள்விக்காக இரண்டரை வருஷம் மனத்துக்குள் எத்தனையோ பேச்சுகள் தயார் செய்து வைத்திருந்தார். எல்லாம் மறந்துவிட்டது. மேஜை மேல் இரண்டு கையையும் விரித்து வைத்தார்.

டாக்டரம்மா அவரைக் கண்ணை மூடிக்கொள்ளச் சொன்னார். பஞ்சைத் திரித்து, அதன் நுனியால் வெளுத்த இடங்களில் ஒவ்வொன்றாகத் தொட்டார். தொடும்போதெல்லாம் ஆமாம் என்று சொல்ல வேண்டும். ஆமாங்க, ஆமாங்க என்று வீரமலை சொல்லிக்கொண்டே வந்தார். இருபதுக்குமேல் எண்ணிக்கை தவறிவிட்டது. முழங்கை நரம்பை அழுத்திப் பார்த்தார், காது மடலைப் பார்த்தார், நகங்களைப் பார்த்தார். வெறும் கையால்தான் தொட்டார். டாக்டரின் விரல்கள் தன் கையை விட்டபோது வீரமலை கண்ணைத் திறந்தார்; நனைந்திருந்தது.

"இது லெப்ரஸியே இல்லை. வெறும் வெண்படை. யாருக்கும் ஒட்டாது," என்றார் லூர்துராணி. "மனுவுலேயே வெண்குஷ்டம்னு சரியாத்தானே எழுதியிருக்கு? அப்புறம் லெப்ரஸின்னு எப்படி வந்துச்சு?"

எல்லாரும் பிச்சையைப் பார்த்தார்கள். அவர் குழம்பிப்போய் நின்றார்.

"வெண்குஷ்டம்னா லெப்ரஸிதானே மேடம்?"

அவர் மறைக்கவில்லை, மழுப்பவில்லை. இரண்டரை வருஷம் கழித்து, ஹைகோர்ட் தீர்ப்புக்குப் பிறகும், அதே வார்த்தையை அதே நம்பிக்கையோடு சொன்னார். அதுவரை யாரும் அவரிடமும் கேட்டிருக்கவில்லை. வீரமலை வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். தன் பிழைப்பு, தன் வீடு, மனைவி தன்னைப் பார்த்துக் கேட்ட அந்தக் கேள்வி, எல்லாவற்றுக்கும் வேர் இந்த மனிதரின் அறியாமையில் போய் முடிகிறதா? கோபப்படலாம் என்று பார்த்தார், வரவில்லை.

உத்தரவு பத்து நாளில் வந்தது. வீரமலை கேட்டுக்கொண்டபடி தமிழிலேயே ஒரு நகல் கொடுத்தார்கள். நோய் இல்லை, லைசென்ஸ் செல்லும், மனுதாரரை முன்பு விசாரிக்காதது தவறு. ராவுத்தர் அதைக் கண்ணாடிச் சட்டம் போட்டு பஸ்ஸுக்குள் மாட்டச் சொன்னார். வீரமலை மறுத்துவிட்டார். ரெங்கம்மாளிடம் மட்டும் போய்ப் படித்துக் காட்டினார். அவள் கேட்டாள், நல்லதாப்போச்சு என்றாள், அந்த வீட்டில் வேறு ஆள் வந்துவிட்டது என்றாள். அவர்கள் அப்போது திருவானைக்கோவிலில் வேறொரு வீட்டில் இருந்தார்கள், அங்கேயே இருந்துவிட்டார்கள். வள்ளிக்கண்ணு தான் கேட்ட கேள்வியைப் பற்றி மறுபடி பேசவே இல்லை, அவரும் எடுக்கவில்லை.

1966இல் காளியாயிக்குப் பதினேழு முடிந்தது. எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் செய்திருந்தாள். தொட்டியத்தில் வாழைத்தோட்டம் வைத்திருந்த பெரியண்ணன் என்பவர் வீட்டிலிருந்து அவர் மகனுக்குப் பெண் கேட்டு வந்தார்கள். பூ வைக்கிற நாள்கூடப் பேசியாகிவிட்டது. அதற்குள் தரகர் வந்து, அவர்கள் நிறுத்திக்கொண்டார்கள் என்று சொல்லிவிட்டுப் போனார். காரணம் சொல்லவில்லை. சொல்லவேண்டிய அவசியமும் இல்லை. வீரமலையின் கைகள் அதற்குள் முழங்கை வரை வெளுத்திருந்தன.

மறுநாளே வீரமலை முசிறி வழியாகப் பஸ் ஏறித் தொட்டியம் போனார். பெரியண்ணன் திடுக்கிட்டுப்போய் வரவேற்றார். வீரமலை சுற்றி வளைக்கவில்லை.

"என்ன கேக்கணுமோ என்னையே கேளுங்க. கேட்டுட்டு என்ன முடிவு எடுத்தாலும் சரிங்க."

பெரியண்ணன் நேர்மையான ஆள். ஒவ்வொன்றாகக் கேட்டார். தொற்றுமா? தொற்றாது. பெண்ணுக்கு வருமா? வீரமலை அதையும் மறைக்கவில்லை. ஒன்றிரண்டு குடும்பங்களில் அடுத்த தலைமுறைக்கு வருவதுண்டு, வராமலும் இருக்கும், நிச்சயமாகச் சொல்ல முடியாது என்று டாக்டரம்மா சொன்னதை அப்படியே சொன்னார். பெரியண்ணன் உள்ளே போய் மனைவியிடம் வெகுநேரம் பேசினார். இலை போட்டுச் சாப்பாடு போட்டார்கள். பெரியண்ணன் பக்கத்திலேயே உட்கார்ந்து சாப்பிட்டார். சாப்பிட்டு முடித்தபிறகு, மனசு ஒப்பவில்லை, தப்பாக நினைக்காதீர்கள் என்றார்.

வீட்டுக்கு வந்து வீரமலை நடந்ததைச் சொன்னார். எல்லாம் கேட்டார்கள், கேட்டபிறகுதான் வேண்டாம் என்றார்கள் என்று அவர் சமாதானமாகச் சொன்னதைக் கேட்டு வள்ளிக்கண்ணுவுக்குத் தூக்கிவாரிப்போட்டது. கேட்டுவிட்டு வேண்டாம் என்று சொன்னால் மட்டும் இனிக்கிறதா என்று வெடித்தாள். இனிக்கவில்லை என்று ஒப்புக்கொண்டார். ஆனாலும் லைசென்ஸ் போனபோது இருந்தது போல் இல்லை, திரும்பி வரும்போது வண்டியில் தூக்கம் வந்தது என்றார்.

காளியாயி அரிசி புடைத்துக்கொண்டிருந்தவள், முறத்தை வைத்துவிட்டு அப்பாவைப் பார்த்தாள். கோபமாகச் சொல்லவில்லை, சாதாரணமாகத்தான் சொன்னாள்.

"அவங்க உங்களைக் கேட்டாங்க, சரி. இந்த மாப்பிள்ளை வேணுமான்னு என்னை யாருப்பா கேட்டது?"

வீரமலை அன்றைக்கு மெயின்கார்டு கேட்டில் டிக்கெட் புத்தகத்தோடு நின்றது போலவே நின்றார். பிறகு மகளுக்கு எதிரில் சப்பணம் போட்டு உட்கார்ந்துகொண்டு, சரி, இப்போ கேட்கிறேன், சொல்லு என்றார். அவள் டீச்சர் டிரெயினிங் சேர வேண்டும் என்றாள். ஏன், எங்கே, எத்தனை வருஷம் என்றெல்லாம் விசாரித்தார். அவளும் பதில் சொன்னாள். பேசி முடிக்க நேரம் பிடித்தது. உலையில் தண்ணீர் வற்றிவிட்டது. அந்த ஆடியில் அவளைச் சேர்த்துவிட்டார்.